ஏறாத கால்

போன வாரம் மகளை அந்தக் கீழ்த்தள அறையில், ஒரு பழைய கேசட்டின் முன்னால், வாயைப் பொத்தியபடி உட்கார வைத்துவிட்டு வந்துவிட்டோம். பாவம், அவளை எழுப்ப வேண்டும். அதற்கு முன் நடுவில் வந்து சேர்ந்தவர்களுக்காக நாலு வரி.

நம் கதாநாயகருக்கு ரசிகர்கள் வைத்த பெயர் 'மதில்'. பதினாறு வருடம் ஒரே கால்பந்துக் கிளப்புக்கு நடுத் தடுப்பாட்டக்காரராக ஆடியவர். ஐந்தாம் எண் சட்டைக்காரர். ஓய்வு பெற்றுப் பதினைந்து வருடம் ஆகியும் அவர் சாலையைக் கடந்தால் பேருந்து ஓட்டுநர்கள் வண்டியை நிறுத்திக் கையசைப்பார்கள். மகள் அதே கிளப்பில் ஆட்டங்களின் வீடியோவை அலசிக் கொடுக்கும் வேலையில் இருக்கிறாள். இன்று மாலை ஐந்தரைக்கு மைதானத்தில் விழா. ஐந்தாம் எண்ணை இனி எவருக்கும் கொடுப்பதில்லை என்று அறிவிக்கப் போகிறார்கள்.

அதனால் காலை ஒன்பது மணிக்கே வீடு அமர்க்களப்பட்டது. மதில் வலது முழங்காலில் வெந்நீர்ப் பையை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார். மனைவி அவருடைய கோட்டுக்கு மூன்றாவது முறையாக இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள்.

"தம்பி வரேன்னுட்டான்," என்றாள், தலையை நிமிர்த்தாமலே.

"யாரு?"

"எனக்கு என்ன நாலஞ்சு தம்பியா இருக்கான்? இருக்கிறது ஒருத்தன். மேடையில பேசவும் போறானாம். ரெண்டு நாளா எழுதி எழுதி அடிச்சுக்கிட்டிருக்கானாம்."

மதிலின் முழங்காலிலிருந்து வெந்நீர்ப் பை நழுவியது.

"அவன் எதுக்குப் பேசணும்? மைதானத்துப் பக்கமே வர மாட்டானே."

"நான்தான் போய்க் கேட்டேன். பத்தொன்பது வருஷம் ஆச்சு, இன்னிக்காவது வந்து உங்ககிட்ட எல்லார் முன்னாடியும் மன்னிப்புக் கேட்டுட்டா அவனுக்கும் பாரம் இறங்கும். எனக்கும்தான்."

எனக்கும்தான் என்பதை அவள் மெதுவாகத்தான் சொன்னாள். மதிலுக்கு அது நன்றாகவே கேட்டது. குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கும் என்பார்கள். இவருடைய நெஞ்சு பத்தொன்பது வருடமாகக் குறுகுறுத்துக் குறுகுறுத்து, ஒரு கட்டத்தில் அலுத்துப்போய்த் தூங்கிவிட்டது. இன்றைக்கு விழித்துக்கொண்டது.

அப்போதுதான் கைபேசி அடித்தது. மகள்.

"அப்பா, பத்தரைக்குக் கிளப்புக்கு வாங்க. என் ரூமுக்கு. அம்மாவைக் கூட்டிட்டு வராதீங்க."

*

அந்த அறைக்கு ஜன்னல் கிடையாது. முன்பு ஆட்டக்காரர்களின் துணி துவைக்கும் அறையாக இருந்தது. இப்போதும் மூலையில் சோப்பு வாசனை. இரண்டு திரைகள், ஒரு பழைய கேசட் ஓட்டும் பெட்டி, சுவரோரம் அட்டைப்பெட்டிகள். விழாவில் திரையிடப் பழைய ஆட்டங்களைத் தேடும் வேலையை மகளிடம் கொடுத்திருந்தார்கள்.

"காபி சொல்லட்டுமாப்பா" என்று கேட்கும் பெண், இன்றைக்கு நாற்காலியை மட்டும் நகர்த்திப் போட்டாள்.

"பேர் எழுதாத கேசட். உங்க பழைய கோச் தனக்குன்னு ஒரு கேமராவை மாடி விளிம்புல வச்சிருந்திருக்கார். அந்த ஃபைனல்."

எந்த ஃபைனல் என்று மதில் கேட்கவில்லை. அவருக்கு ஒரே ஒரு ஃபைனல்தான் உண்டு.

வாசகர்களுக்கு மட்டும் சொல்லிவிடுகிறேன். தடுப்பாட்டத்தில் ஒரு வித்தை இருக்கிறது. பின்னால் நிற்கும் நான்கு பேரும் ஒரே வரிசையில் நிற்பார்கள். எதிரணிக்காரன் பந்தை முன்னால் அனுப்பப் போகும் அந்த நொடியில், நடுவில் நிற்பவர் "ஏறு!" என்று ஒரு குரல் கொடுப்பார். நால்வரும் ஒரே சமயத்தில் ஓரடி முன்னே ஏற வேண்டும். அப்படி ஏறிவிட்டால், அவர்களுக்குப் பின்னால் தங்கிவிட்ட எதிரணிக்காரன் விதிக்குப் புறம்பாகிவிடுவான். கோட்டோர நடுவரின் கொடி உயரும். அவன் கோல் போட்டாலும் செல்லாது. ஆனால் நால்வரில் ஒருவர் கால் ஏறாமல் நின்றாலும் போயிற்று. வாசலை மூன்று பூட்டுப் போட்டுப் பூட்டிவிட்டுக் கொல்லைக் கதவைத் திறந்து வைத்த கதைதான்.

அந்த ஃபைனலில், ஆட்டம் முடிய நான்கு நிமிடம் இருக்கும்போது, குரல் கொடுத்தவர் மதில். அவர்தான் கேப்டன். கொடி உயரவில்லை. கோல் விழுந்தது. கோப்பை போயிற்று. மதில் திரும்பி, இடது ஓரத்தில் நின்ற இருபத்திரண்டு வயதுப் பையனை நோக்கி விரலை நீட்டினார். மறுநாள் பத்திரிகையில் அந்த நீட்டிய விரல் முக்கால் பக்கத்துக்கு வந்தது. அந்தப் பையன் வேறு யாரும் இல்லை, மனைவியின் தம்பி.

தொலைக்காட்சிக் கேமராக்கள் எல்லாம் பந்தை அனுப்பியவன் மேல் இருந்ததால், வரிசையில் யார் கால் ஏறவில்லை என்பது எந்தப் படத்திலும் இல்லை. விரல் மட்டும் இருந்தது. அது போதுமானதாக இருந்தது. சீசன் முடிந்ததும் மைத்துனரைக் கிளப் அனுப்பிவிட்டது. 'ஏறாதவன்' என்று ஊர் பெயர் வைத்துவிட்டதால் வேறு கிளப்பும் எடுக்கவில்லை. இப்போது லிஃப்ட் மெக்கானிக். ஏறத் தவறியவன் என்று பெயர் வாங்கியவருக்கு ஊரையே ஏற்றி இறக்குகிற பிழைப்பு.

மகள் படத்தை ஓட்டி, ஓர் இடத்தில் நிறுத்தினாள்.

"நீங்களே பாருங்க."

திரையில் தரையில் போட்ட வெள்ளைக்கோடு குறுக்கே நேராக ஓடியது. மூன்று பேர் கோட்டைத் தாண்டி நின்றார்கள். இடது ஓரத்துப் பையன் மற்ற இருவரைவிட அரையடி முன்னாலேயே நின்றான். ஐந்தாம் எண் மட்டும் கோட்டுக்கு உள்ளே. வாய் திறந்திருந்தது, கை உயர்ந்திருந்தது, வலது கால் மட்டும் நட்டு வைத்ததுபோல் நின்றது.

"கேமரா கொஞ்சம் சாஞ்சிருக்கு," என்றார் மதில்.

"கேமரா சாயலாம்பா. தரையில போட்ட கோடுமா சாயும்?"

மதில் திரையிலிருந்து கண்ணை எடுத்தார்.

"அப்பா, நான் ஒரு வாரமா சரியாத் தூங்கல. உங்களுக்கே இது தெரியாதுன்னு நெனச்சேன். தெரிஞ்சா உடைஞ்சு போயிடுவீங்க, எப்படி ஆறுதல் சொல்றதுன்னு யோசிச்சுக்கிட்டிருந்தேன்." அவள் திரும்பி அவர் முகத்தைப் பார்த்தாள். "உங்களுக்குத் தெரியுமா?"

"தெரியும்."

"எப்போலேர்ந்து?"

"அப்போலேர்ந்தேதான்."

ஒரு வார ஆறுதல் அவள் தொண்டையிலேயே நின்றுவிட்டது.

மதில் தரையைப் பார்த்துக்கொண்டு பேசினார். ஃபைனலுக்கு முன் ஏழு வாரமாக முழங்கால் வீங்கியிருந்தது. மருத்துவர் கேட்கும்போதெல்லாம் ஒன்றுமில்லை என்று சொல்லி, இரண்டு காலுறை மாட்டி மறைத்தார். சொல்லியிருந்தால் வெளியே உட்கார வைத்திருப்பார்கள். முப்பத்து மூன்று வயதில் வெளியே உட்கார்ந்தவன் திரும்ப உள்ளே வருவதில்லை. அந்த நொடியில் குரல் வந்தது, கால் வரவில்லை. முட்டி பூட்டிக்கொண்டது.

"விரல்?"

"கோல் விழுந்தா டிஃபெண்டர் கை தானா எங்கேயாவது போகும்மா. அது பழக்கம். யாரைக் காட்டுறோம்னு யோசிச்சா காட்டுறோம்?"

"சரி, அன்னிக்குப் பழக்கம். மறுநாள் பேப்பர் வந்துச்சே?"

மகளுக்கு அப்போது ஆறு வயது. அந்தப் பேப்பரை அம்மா நாலாக மடித்து, அழுதபடி அலமாரியில் வைத்தது அவளுக்கு மங்கலாக நினைவு இருக்கிறது. தம்பிக்காக அழுகிறாள் என்று நினைத்திருந்தாள். புருஷனுக்காக அழுதாள் என்பது பிறகுதான் தெரிந்தது.

"நீ ஒரு காரியம் பண்ணு," என்றார் மதில். "மாமாவைக் கூப்பிட்டு இதைப் போட்டுக் காமிச்சிடு. நீ சொன்னா அவன் தாங்கிப்பான். நான் அப்புறமா வந்து..."

"மாட்டேன்."

"ஏம்மா?"

"படம் போடுறது என் வேலை. சொல்றது உங்க வேலை." அவள் கேசட்டை வெளியே எடுத்தாள். "நீங்க சொல்லலைன்னா இது பெட்டிக்குள்ள போயிடும். நானும் யார்கிட்டயும் மூச்சு விட மாட்டேன். ஆனா இன்னிக்கு உங்க பக்கத்துல நின்னு போட்டோ எடுத்துக்க என்னால முடியாதுப்பா."

அவள் குரலை உயர்த்தவே இல்லை. திட்டியிருந்தால் தேவலை என்று மதிலுக்கு இருந்தது. பெற்ற பெண் முன்னால் கூனிக்குறுகி, கைப்பிடியைத் தேடி மாடிப்படி ஏறினார்.

*

மைத்துனர் மூன்று மணிக்கு லிஃப்ட் கம்பெனி வேனோடு வந்தார். மனைவி அதற்கு முன்பே பக்கத்து வீட்டு டீச்சரோடு கிளம்பிவிட்டிருந்தாள், முன் வரிசையில் இடம் பிடிக்க.

அவள் போகும் முன் மதில் அவளிடம் வாயைத் திறந்துதான் பார்த்தார்.

"உன்கிட்ட ஒண்ணு சொல்லணும்."

"தெரியும், ரொம்ப நேரம் நிக்க முடியாது. மேடையில நாற்காலி போடச் சொல்லிட்டேன்." அவர் கோட்டின் காலரைச் சரி செய்தாள். "எங்க வீட்டாளால உங்களுக்குப் போனது இன்னிக்குத் திரும்பக் கிடைக்குது. அது போதும் எனக்கு."

எங்க வீட்டாள். இந்தச் சொல்லை மனைவி தானாகக் கற்றுக்கொள்ளவில்லை. அவர்தான் கற்றுக்கொடுத்தார். பதினோரு வருடத்துக்கு முன், உள்ளூர்ப் பள்ளியில் ஆசிரியையாக இருந்த அவளுக்கு வேறு ஊர்ப் பள்ளியில் தலைமையாசிரியை வேலை வந்தது. கடிதத்தைக் கையில் வைத்துக்கொண்டு சின்னப் பெண்போல வாசலில் நின்றாள். ஊர் மாறுவது மதிலுக்குப் பிடிக்கவில்லை. "ஏற்கெனவே உன் வீட்டாளால ஒண்ணு இழந்தாச்சு. இப்போ ஊரையும் இழக்கணுமா?" என்றார். அவ்வளவுதான். அவள் கடிதத்தைக் கிழித்துக் குப்பையில் போட்டுவிட்டுச் சமையலறைக்குள் போனாள். அதற்குப் பிறகு எந்தச் சண்டையிலும் அவள் ஜெயித்ததில்லை, ஏனென்றால் அவள் சண்டையே போடவில்லை.

பழி ஓரிடம், பாவம் ஓரிடம் என்பார்கள். இந்த வீட்டில் பழி ஓரிடம், பாவம் ஓரிடம், லாபம் இன்னோரிடம்.

"வண்டியில ஏறுங்க மாமா!" என்றார் மைத்துனர். வழுக்கை விழ ஆரம்பித்த தலைக்குப் படியப் படிய எண்ணெய் தடவி, புதுச் சட்டை போட்டிருந்தார். "போற வழியில ஒரே ஒரு வேலை. அஞ்சு நிமிஷம். கோச்சுக்காதீங்க."

மதிலுக்கு உள்ளூர நிம்மதி. சொல்ல வேண்டியதைத் தள்ளிப்போட ஐந்து நிமிடம் கிடைத்தது.

அது ஓர் ஆறு மாடிக் குடியிருப்பு. லிஃப்ட் மூன்றாம் மாடியில் தரைக்கு ஒரு விரல்கடை கீழே நின்றது. மைத்துனர் புதுச் சட்டைமேல் பழைய சட்டையை மாட்டிக்கொண்டு வேலையில் இறங்கினார். கருவிப்பெட்டியை மதில் பிடித்துக்கொண்டு நின்றார். லிஃப்ட் ஒவ்வொரு முறை வந்து நிற்கும்போதும் மைத்துனர் குனிந்து, உள்தரையும் வெளித்தரையும் சேரும் இடத்தில் விரலால் தடவிப் பார்த்தார். குடியிருப்புக்காரர்கள் எல்லோரும் சரியாகிவிட்டது என்று சொன்ன பிறகும் இன்னும் இரண்டு முறை தடவிப் பார்த்தார்.

"இவ்வளவு எதுக்கு மாப்ளே? ஒரு விரல்கடைதானே."

"ஒரு விரல்கடை போதும் மாமா, ஆளைக் கவுத்திடும். நமக்குத் தெரியாததா?"

சொல்லிவிட்டுச் சிரித்தார். மதில் பெட்டியை மூடப் போனார். மூடியின் உள்பக்கத்தில் பிளாஸ்டிக் உறை போட்டு ஒரு பத்திரிகைத் துண்டு ஒட்டியிருந்தது. மஞ்சள் பூத்திருந்தது. அதில் மதிலின் விரல் நீண்டிருந்தது.

"இதை ஏன் இன்னும் வச்சிருக்கே?"

"வேலையில அசட்டை வராம இருக்க. பெட்டியைத் திறந்தாலே நீங்க 'டேய்'னு ஒரு அதட்டல் போடுற மாதிரி இருக்கும்." மைத்துனர் பழைய சட்டையைக் கழற்றினார். "தப்பா நெனச்சுக்காதீங்க, அது எனக்கு நல்லதுதான் பண்ணிச்சு. பதினெட்டு வருஷத்துல என் லிஃப்ட்டுல ஒருத்தருக்கும் கால் தடுக்கினதில்ல."

மதிலுக்கு அந்த இடத்திலேயே சொல்லிவிட வேண்டும்போல் இருந்தது. நாக்கு எழவில்லை. பெரிய பெரிய எதிரணி ஆட்டக்காரர்களே பயந்த மனிதர், லிஃப்ட் வாசலில் ஒரு கருவிப்பெட்டியைக் கட்டிக்கொண்டு வெட்கத்தால் வியர்த்து நின்றார்.

வேனில் போகும்போது மைத்துனர் ஸ்டீயரிங்மேல் ஒரு காகிதத்தை வைத்து, சிக்னலுக்குச் சிக்னல் படித்துக் காட்டினார்.

"எல்லாருக்கும் வணக்கம். எனக்குப் பேச வராது, அதனால எழுதி வச்சுப் படிக்கிறேன். பத்தொன்பது வருஷத்துக்கு முன்னாடி இதே மைதானத்துல, ஏற வேண்டிய நேரத்துல நான் ஏறல. எப்படி மாமா, ஆரம்பம்?"

"ம்."

"என் ஒரு காலால இன்னொருத்தருக்குக் கிடைக்க வேண்டியது கிடைக்காமப் போச்சு. அவர் ஒரு நாள்கூட என்னை ஏன்னு கேட்டதில்ல. இந்த வரியை எழுதும்போது எனக்கே கண் கலங்கிடுச்சு. உண்மைதானே? நீங்க ஒரு நாள் கேட்டிருப்பீங்களா?"

"அன்னிக்கு என்ன ஆச்சுன்னு உனக்கு ஞாபகம் இருக்கா?" என்றார் மதில், வெளியே பார்த்தபடி.

"அப்படியே இருக்கு. அக்கா அன்னிக்கு மேற்கு மூலையில உட்கார்ந்திருந்தா. நான் ஒரு செகண்ட் அவளைத் தேடித் திரும்பிப் பார்த்துட்டேன். அந்த நேரம் பார்த்து நீங்க குரல் கொடுத்துட்டீங்க." பச்சை விளக்கு விழுந்தது. "ஒரு செகண்டு மாமா. எத்தனை தடவை யோசிச்சிருக்கேன்!"

செய்யாத தப்புக்கு ஒரு காரணத்தையும் தேடிக் கண்டுபிடித்து, அதையும் பத்தொன்பது வருடமாக நம்பிக்கொண்டிருக்கிறார் மனிதர். மதில் கண்ணை மூடிக்கொண்டார். தூங்குகிறார் என்று நினைத்து மைத்துனர் வண்டியை மெல்ல ஓட்டினார்.

*

ஐந்து மணிக்கு ட்ரெஸ்ஸிங் ரூமில் இருவர் மட்டும் இருந்தார்கள். மேலே கூட்டத்தின் இரைச்சல் கூரை வழியாகக் கேட்டது. மைத்துனர் பழைய ஞாபகத்தில் இடது மூலை பெஞ்சில் போய் உட்கார்ந்தார். அதுதான் அவருடைய இடமாக இருந்தது.

"கடைசியா ஒரு தடவை படிச்சுக்கட்டுமா மாமா?"

"வேண்டாம்." மதில் நின்றுகொண்டே இருந்தார். "படிக்காதே. அது பொய்."

"எது?"

"அன்னிக்கு நீ ஏறினே மாப்ளே. சரியா ஏறினே. ஏறாதது நான்."

மைத்துனர் ஒரு கணம் விழித்தார். பிறகு எழுந்து வந்து மதிலின் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டார். கண் நிறைந்துவிட்டது.

"உங்க மனசு யாருக்கு மாமா வரும்? நான் மேடையில அவமானப்படக் கூடாதுன்னு பழியைத் தூக்கி உங்க தலையில போட்டுக்கிறீங்களா? அதெல்லாம் வேண்டாம். நான் சொல்லியே ஆகணும்."

பாருங்கள், எப்படி வந்து அமைகிறது! உண்மையைச் சொன்னதற்கும் ஒரு பெருமை கிடைத்துவிட்டது. அப்படியே விட்டிருந்தால் போதும். 'சொல்லிவிட்டேன், அவன்தான் நம்பவில்லை' என்று மகளிடம் சொல்லலாம். மேடையில் மாலை மரியாதையோடு, கூடுதலாக ஒரு தியாகப் பட்டமும் வரும். மதிலுக்கு அந்த ஆசை வராமல் இல்லை. ஒரு நான்கு நொடி வந்தது. வந்ததை நினைத்துத்தான் அவருக்குத் தன்மேலேயே அருவருப்பாக இருந்தது.

"பெருந்தன்மை இல்லடா," என்றார். "வா, காட்டுறேன்."

மகள் அறையில்தான் இருந்தாள். அப்பாவின் பின்னால் மாமா வருவதைப் பார்த்ததும், ஒன்றும் கேட்காமல் கேசட்டைப் பெட்டியில் போட்டாள்.

படம் ஓடியது. குரல் கொடுத்த நொடியில் நின்றது. மதில் திரையருகே போய், தன் வலது காலைத் தானே விரலால் தொட்டுக் காட்டினார். அந்த விரலைத் தூக்கத்தான் அவருக்குப் பத்தொன்பது வருடம் ஆயிற்று.

மைத்துனர் அந்தக் காலைப் பார்க்கவில்லை. இடது ஓரத்தில் நின்ற பையனைப் பார்த்துக்கொண்டிருந்தார். தலை நிறைய முடி. கோட்டைத் தாண்டி, முழங்கால் வளைத்து, கண் பந்தின் மேல்.

"மறுபடியும் போடும்மா."

போட்டாள்.

"இன்னொரு தடவை."

நான்காம் முறை பார்த்த பிறகு மெதுவாகச் சொன்னார். "நான் திரும்பிப் பார்க்கவே இல்லையே. அக்காவைத் தேடவே இல்லையே நான்."

"இல்ல மாமா," என்றாள் மகள்.

"ஏறியிருக்கேன்."

"எல்லாருக்கும் முன்னாடி ஏறியிருக்கீங்க."

அவர் அடிப்பார் என்று மதில் எதிர்பார்த்தார். அடித்தால் நன்றாக இருக்கும் என்றும் நினைத்தார். மைத்துனர் நாற்காலியில் உட்கார்ந்து, ரொம்ப நேரம் கையால் முகத்தைத் துடைத்தார்.

"விரலை ஏன் காட்டினீங்க?"

"பழக்கம்."

"மறுநாள் ஏன் சொல்லல?"

"பயம். என்னை வெளியே அனுப்பிடுவாங்கன்னு."

"என்னை அனுப்பினப்போ?"

"லீவுல முட்டி ஆபரேஷன் முடிஞ்சிருந்துச்சு. இன்னும் ரெண்டு வருஷம் ஆடலாம்னு டாக்டர் சொல்லிட்டார்." மதில் திரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார். "நாலு வருஷம் ஆடினேன்."

"அதுக்கப்புறம்?"

"அதுக்கப்புறம் பழகிடுச்சு மாப்ளே."

பழகிவிட்டது. இதைவிடக் கேவலமான பதில் ஒன்று இருக்க முடியாது என்று மதிலுக்கே தெரிந்தது. ஆனால் அதுதான் உண்மை, அதனால் அதைச் சொன்னார். மகள் சுவரைப் பார்த்துத் திரும்பிக்கொண்டாள்.

மேலே ஒலிபெருக்கி கரகரத்தது. விழா ஆரம்பமாகப் போவதாக ஒருவர் அறிவித்தார்.

"அக்காவுக்குத் தெரியுமா?"

"தெரியாது."

"அந்த வேலையை வேண்டாம்னு சொன்னாளே, ஹெட்மிஸ்ட்ரஸ் வேலை. அன்னிக்கு எனக்கு ஃபோன் பண்ணி என்ன சொன்னா தெரியுமா? 'நீ பண்ணினதுக்கு நான் கட்டிக்கிட்டிருக்கேன்டா'ன்னா. அதுக்கப்புறம் ரெண்டு வருஷம் அவ வீட்டுப் படி ஏறல நான்."

இது மதிலுக்குப் புதிது. அந்த இரண்டு வருடம் மைத்துனர் வராததை வேலை அதிகம் என்று நினைத்திருந்தார். வராததே நல்லது என்றும் நினைத்திருந்தார்.

மைத்துனர் சட்டைப்பையிலிருந்து காகிதத்தை எடுத்தார். கிழித்துப் போடப் போகிறார் என்றுதான் மகள் நினைத்தாள். அவர் அதை மேஜைமேல் விரித்து, மடிப்பைக் கையால் நீவி, முதலிலிருந்து கடைசிவரை ஒரு முறை வாய்க்குள் படித்தார். பிறகு மகளிடம் கையை நீட்டினார்.

"பேனா கொடும்மா."

ஒரே ஓர் இடத்தில் இரண்டு சொல்லை அடித்தார். மேலே வேறு இரண்டு சொல் எழுதினார். காகிதத்தை மதிலிடம் கொடுத்தார்.

"என்னைத்தான் முதல்ல பேசக் கூப்பிடுவாங்க. நீங்க எழுந்து போய் இதைப் படிங்க. உங்களுக்காகத்தான் எழுதினதுன்னு இப்போதான் தெரியுது. எல்லாமே உங்களுக்குப் பொருந்துது மாமா, கடைசி வரியைத் தவிர. அதை மாத்திட்டேன்."

மதில் கடைசி வரியைப் பார்த்தார். இத்தனை வருடம் அதற்கு விலை கொடுத்தது யார் என்று சொல்லும் வரி.

"இதை அவகிட்ட வீட்டுல தனியாச் சொல்லிக்கறேனே," என்றார். கெஞ்சுகிற குரல்.

"என்னை நீங்க தனியாவா காட்டினீங்க?"

*

மேடைக்கு ஐந்து படி. மைத்துனரின் பெயரைச் சொல்லிக் கூப்பிட்டதும், அவருக்குப் பதிலாக மதில் எழுந்ததைப் பார்த்துக் கூட்டம் கைதட்டியது. ஐந்தாம் எண் சட்டை போட்டவர்கள் எழுந்து நின்றார்கள். மதில் கைப்பிடியைப் பிடித்து ஒவ்வொரு படியாக ஏறினார். வலது முழங்கால் ஒவ்வொரு படியிலும் வலித்தது. இன்று ஏறியது.

முன் வரிசையில் மனைவி. பக்கத்து வீட்டு டீச்சரிடம் ஏதோ குனிந்து சொல்கிறாள். தம்பிக்குக் கூச்சம், அதனால் இவரே படிக்கிறார், எவ்வளவு நல்ல மனசு பாருங்கள் என்று சொல்லியிருப்பாள். நிமிர்ந்து அவரைப் பார்த்து, காலர் மடிந்திருக்கிறது, சரி செய்யுங்கள் என்று தன் கழுத்தைத் தொட்டு ஜாடை காட்டினாள்.

மதில் காலரைச் சரி செய்துகொண்டார்.

மேடை ஓரத்தில் மகள் நின்றிருந்தாள். மாமாவின் கையைப் பிடித்திருந்தாள்.

"எல்லாருக்கும் வணக்கம். எனக்குப் பேச வராது, அதனால எழுதி வச்சுப் படிக்கிறேன்." கூட்டம் செல்லமாகச் சிரித்தது. "பத்தொன்பது வருஷத்துக்கு முன்னாடி இதே மைதானத்துல, ஏற வேண்டிய நேரத்துல நான் ஏறல."

மனைவி தலையாட்டினாள். தம்பியின் வார்த்தைகள் என்றுதான் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"என் ஒரு காலால இன்னொருத்தருக்குக் கிடைக்க வேண்டியது கிடைக்காமப் போச்சு. அவர் ஒரு நாள்கூட என்னை ஏன்னு கேட்டதில்ல."

அவள் கைக்குட்டையை எடுத்துக் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். மதில் காகிதத்தைக் கொஞ்சம் உயர்த்திப் பிடித்தார். கடைசி வரி. மைத்துனர் 'என் அக்கா' என்பதை அடித்துவிட்டு, மேலே 'என் மனைவி' என்று எழுதியிருந்தார். மை இன்னும் சரியாகக் காயவில்லை.

"அன்னியிலேர்ந்து," என்று படித்தார் மதில். நிமிர்ந்து பார்த்தார். அவள் இன்னும் சிரித்துக்கொண்டுதான் இருந்தாள். அடுத்த சொல்லில்தான் அவள் வருகிறாள்.